மெங்கலே தப்பினானா, தப்பவிட்டார்களா?

பழையபேப்பர்:
நாஜிகளின் ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் இரட்டைக் குழந்தைகளைப் பொறுக்கியெடுத்து, ஆராய்ச்சி என்ற பெயரில் வதைத்த டாக்டர் யோசப் மெங்கலே 1979-ல் பிரேசில் கடலில் குளிக்கும்போது செத்தான். ஒருநாள்கூட கோர்ட் படி ஏறவில்லை. 'பெரிய தந்திரசாலி' என்று இன்னும் எழுதுகிறார்கள். எனக்கென்னவோ அவனை யாரும் ஒழுங்காகத் தேடவில்லை என்றுதான் படுகிறது.

குமாஸ்தா:
அவசரப்படாதீர்கள் சார். போர் முடிந்த ஐரோப்பாவில் லட்சக்கணக்கான பேர் காகிதமில்லாமல் அலைந்தார்கள். செஞ்சிலுவைச் சங்க ஆவணத்தில் 'ஹெல்முட் கிரிகோர்' என்று பெயர் போட்டுக்கொண்டு 1949-ல் அர்ஜென்டினா போய்விட்டான். யார் எங்கே பிடிப்பது?

பழையபேப்பர்:
49 சரி. 1956-க்கு என்ன சொல்வீர்கள்? மேற்கு ஜெர்மன் தூதரகமே அவனுக்குப் பாஸ்போர்ட் கொடுத்தது. கிரிகோர் பெயரில் இல்லை, மெங்கலே என்ற சொந்தப் பெயரில்! ஸ்விட்சர்லாந்து போய் மகனோடு விடுமுறையும் கழித்தான். பையனுக்கு அவன் 'அங்கிள் ஃபிரிட்ஸ்'.

குமாஸ்தா:
அப்போது அவன்மேல் வாரண்ட் இல்லையே. வந்தது 1959-ல்தான். தூதரக குமாஸ்தா எதைக் காட்டி மறுப்பார்? (என் இனத்துக்கு நான் பரிந்து பேசாமல் யார் பேசுவது!)

செங்காந்தள்:
போர் முடிந்து 14 வருஷம் ஏன் வாரண்ட் இல்லை என்பதுதானே கேள்வி? யூதர்களை வதைமுகாம்களுக்கு அனுப்பும் வேலையை நடத்திவிட்டு அர்ஜென்டினாவில் ஒளிந்திருந்த நாஜி அதிகாரி ஐக்மன் கதையைப் பாருங்கள். துப்புக் கொடுத்தவர் பார்வை மங்கிய ஓர் அகதி. அவர் மகளோடு பழகிய ஐக்மனின் மகன் குடும்பப் பெயரைக்கூட மறைக்கவில்லை. தகவல் வந்ததும் மேற்கு ஜெர்மனியின் ஹெஸ்ஸன் மாநில அரசு வழக்கறிஞர் ஃபிரிட்ஸ் பவர் 1957-ல் ரகசியமாக இஸ்ரேலிடம் சொன்னார். தன் நாட்டு அதிகாரிகளிடம் சொன்னால் ஐக்மன் காதுக்குப் போய்விடும் என்று பயம்.

குமாஸ்தா:
பவர் விஷயம் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 1960-ல் ஐக்மன் சிக்கியபோது மெங்கலே ஏற்கெனவே பராகுவே குடியுரிமை வாங்கியிருந்தான், அப்புறம் பிரேசில். அதன்பிறகு கிணற்றில் போட்ட கல்தான்.

பழையபேப்பர்:
கிணறா? பணம் போனதே சொந்த ஊரிலிருந்து! ஜெர்மனியின் குன்ஸ்பர்க்கில் குடும்பத்துக்கு விவசாய இயந்திரத் தொழிற்சாலை. அதன் பழைய ஊழியர் ஒருவரின் வீட்டை 1985 மே 31 அன்று போலீஸ் சோதனையிட்டபோது கடிதங்கள் சிக்கின. அடுத்த வாரமே பிரேசிலின் எம்பு ஊர்க் கல்லறையில் 'வொல்ஃப்காங் கெர்ஹார்ட்' என்ற பெயரின்கீழ் கிடந்தவனைத் தோண்டிவிட்டார்கள். வாரண்ட் போட்டு 26 வருஷம், கடிதம் கிடைத்து ஒரு வாரம்.

குமாஸ்தா:
எலும்பு அவனுடையதுதான் என்று டிஎன்ஏ உறுதி செய்தது 1992-ல். அந்த ஏழு வருஷத்தையும் உங்கள் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள் சார்.