மீட் ஏரித் தண்ணீரும் லாஸ் வேகஸ் வீடுகளும்: நால்வர் புனைபெயரில் எழுதிய அனுபவப் பகிர்வு

ஹெண்டர்சன் வாசி

இங்கே லாஸ் வேகஸ் பக்கம் வீடு பார்க்க வருகிற நம்மவர்கள் முதலில் கேட்பது, "ஏரி வற்றுதாமே, ஒருநாள் குழாயில் தண்ணி வராம போயிடுமா?" அப்படி ஆகாது, தண்ணீர் வரும். கொலராடோ நதியை ஹூவர் அணை தடுத்துத் தேக்கியதுதான் மீட் ஏரி. அது நிரம்பினால் கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,220 அடி. 2022 ஜூலையில் 1,040 அடிக்கு இறங்கியது. ஊருக்குத் தண்ணீர் இழுக்கும் முதல் குழாயின் வாய் 1,050 அடியில் இருக்கிறது. அந்த ஏப்ரலிலேயே அது வெளியே தெரிந்துவிட்டது. இரண்டாவது 1,000 அடியில். மூன்றாவதை ஏரிக்கு அடியில் சுரங்கம் குடைந்து 860 அடியில் வைத்து 2015ல் முடித்தார்கள். 2020ல் அதற்கென்று தனி பம்ப் நிலையமும் வந்தது. 895 அடிக்குக் கீழே போனால் ஹூவர் அணையைத் தாண்டி ஒரு சொட்டும் போகாது. அப்போதும் இந்த ஊரால் தண்ணீர் எடுக்க முடியும்.

உண்மையான நெருக்கடி பங்கில்தான். 1928 சட்டப்படி கொலராடோ நதியில் நம் மாநிலமான நெவாடாவுக்கு வருடத்துக்கு 3 லட்சம் ஏக்கர்-அடி (ஒரு ஏக்கரில் ஓரடி உயரம் நிற்கும் தண்ணீர் ஒரு ஏக்கர்-அடி). கலிபோர்னியாவுக்கு 44 லட்சம், அரிசோனாவுக்கு 28 லட்சம். 1930ல் லாஸ் வேகஸ் மக்கள்தொகை 5,165. அன்று அது தாராளம். 2020 கணக்கெடுப்பில் லாஸ் வேகஸ் இருக்கும் கிளார்க் கவுண்டியில் மட்டும் 22 லட்சத்துக்கு மேல்.

கழிவுநீர்ப் பொறியாளர்

மேலே சொன்னதோடு இதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். வீட்டுக்குள் புழங்கும் தண்ணீர் அநேகமாக முழுவதும் ஏரிக்கே திரும்புகிறது. சாக்கடை, சுத்திகரிப்பு ஆலை, லாஸ் வேகஸ் வாஷ் ஓடை, ஏரி. திரும்பிய அளவுக்கு மறுபடி எடுத்துக்கொள்ள நெவாடாவுக்கு வரவு உண்டு. அதனால் குளியல், பாத்திரம், துணி, ஆர்.ஓ. கழிக்கும் தண்ணீர் எதுவும் பங்கைத் தின்பதில்லை. பம்ப் ஓட்டும் மின்சாரச் செலவுதான். பங்கைத் தின்பது வெளியே ஊற்றி வெயிலில் போவது. 2002க்குப் பிறகு பல லட்சம் பேர் கூடியும் 2023ல் நெவாடாவின் நிகர உபயோகம் 2 லட்சம் ஏக்கர்-அடிக்குக் கீழே வந்தது. புல்லைப் பிடுங்கியதற்கு அதில் பெரிய பங்கு.

நீச்சல் குளத்தைக் காலி செய்யும்போது தெருவில் விடாதீர்கள். வீட்டு முன்புறம் தரையோடு மூடி போட்ட சாக்கடைக் குழாய் வாய் இருக்கும். ஹோஸை அதில் விட்டால் தண்ணீர் ஏரிக்குப் போய்ச் சேரும்.

தண்ணீரின் கடினத்தன்மையை உப்பு கொண்டு நீக்கும் சாஃப்ட்னர் விஷயம் வேறு. அதன் உப்பை சுத்திகரிப்பு ஆலை பிரிப்பதில்லை. ஏரிக்குப் போய், கீழே அரிசோனா, கலிபோர்னியா வயல்களுக்கும் போகிறது. குறித்த நேரத்துக்கு ஒருமுறை தன்னை உப்பால் கழுவிக்கொள்ளும் மாடலை விட்டு, உபயோகத்தை அளந்து கழுவிக்கொள்ளும் மாடலை வாங்குங்கள். இங்கே கடினத்தன்மை காலனுக்கு 16 கிரெயின் அளவில். செட்டிங்கை 25, 30 என்று வைத்துவிட்டுப் போகிறார்கள், உப்பு மூட்டை வீணாகிறது.

சொட்டுநீர்

புல்லுக்கு வருகிறேன். சதுர அடிக்கு வருடம் சுமார் 73 காலன் குடிக்கும். அதே இடத்தில் பாலைவனச் செடி வைத்தால் 55 காலன் மிச்சம். புல்லை எடுப்பதற்குத் தண்ணீர் நிர்வாகம் தரும் மானியம் வேண்டுமென்றால் புல் உயிரோடு இருக்கும்போதே விண்ணப்பித்து, அவர்கள் வந்து பார்த்துப்போன பிறகுதான் கை வைக்க வேண்டும். முதலில் பிடுங்கிவிட்டுக் கேட்டால் கிடைக்காது. வெறும் கல் கொட்டினாலும் கிடையாது. செடிகள் வளர்ந்தபின் பாதிப் பரப்பை மூட வேண்டும்.

அடிக்கடி கெடுவது அழுத்தத்தில். பழைய ஸ்பிரிங்க்ளர் வால்வில் அப்படியே அரை அங்குலச் சொட்டுநீர்க் குழாயை மாட்டுகிறார்கள். வீட்டு அழுத்தம் 60, 70 பி.எஸ்.ஐ. இருக்கும், இணைப்புகள் பிடுங்கிக்கொண்டு கல்லுக்கு அடியில் ஒழுகும், பில் வந்த பிறகுதான் தெரியும். வால்வை அடுத்து வடிகட்டி, அதை அடுத்து 25 அல்லது 30 பி.எஸ்.ஐ. ரெகுலேட்டர். ஒரு குழாய் 200 அடிக்கு மேல் ஓட வேண்டாம். கடைசி முனையில் திறக்கும் மூடி போட்டு, ஆறு மாதத்துக்கு ஒருமுறை கழுவி விடுங்கள்.

அடுத்தது மரம். புல்லோடு வளர்ந்த மரம் ஸ்பிரிங்க்ளர் தண்ணீரில்தான் பிழைத்திருக்கும். புல் போனதும் தண்டோடு ஒட்டி இரண்டு எமிட்டர் (தண்ணீர் சொட்டும் முனை) வைத்துவிட்டால் இரண்டாவது கோடையில் உச்சியிலிருந்து காயும். தண்ணீர் குடிக்கும் வேர்கள் மரத்தின் நிழல் விழும் ஓரத்தில் இருக்கின்றன. அங்கே வட்டமாகக் குழாய் சுற்றி ஆறு, எட்டு எமிட்டர் வையுங்கள்.

குழி தோண்டும்போது வெள்ளையாக, சிமென்ட் மாதிரி கலீச்சி அடுக்கு வரும். கடப்பாரையால் உடைத்துத் துளை போடாமல் நடாதீர்கள். குழியில் தண்ணீர் நிரப்பி மறுநாளும் நின்றால் வேர் அழுகும். இடத்தை மாற்றுவதே மேல்.

ஹெண்டர்சன் வாசி

அசோசியேஷன் கமிட்டியில் இருப்பவர்கள் கவனிக்க: 2021ல் வந்த சட்டப்படி, 2027 முதல் யாரும் உபயோகிக்காத அலங்காரப் புல்லுக்கு கொலராடோ நதித் தண்ணீர் விட முடியாது. தனி வீட்டுப் புல்லுக்கு இது பொருந்தாது. சாலை நடுவிலும் நுழைவாயிலிலும் இருக்கிற புல்லுக்குப் பொருந்தும். அங்கே மரம் இருந்தால் 'சொட்டுநீர்' என்ற பெயரில் எழுதியவர் சொன்ன வட்டக்குழாயை முதலில் போட்டு, ஒரு பருவம் விட்டு, பிறகு புல்லை நிறுத்துங்கள்.

கறிவேப்பிலை

நம் செடிகளுக்கு ஒரு வார்த்தை. இலை மஞ்சளாகி நரம்பு மட்டும் பச்சையாக இருந்தால் உரம் போதவில்லை என்று யூரியா போடாதீர்கள். இங்கே மண்ணும் தண்ணீரும் காரத்தன்மை கொண்டவை. இரும்பு இருந்தும் வேர் எடுக்க முடியவில்லை. கார மண்ணிலும் கரைந்தே நிற்கும் இ.டி.டி.எச்.ஏ. (EDDHA) வகை செலேட் இரும்பு வாங்குங்கள், இ.டி.டி.ஏ. (EDTA) என்று எழுதியிருப்பது இங்கே பிடிக்காது. தொட்டி ஓரத்தில் வெள்ளை உப்பு படிந்தால், அடியில் வழியும்வரை ஒருமுறை நிறைய ஊற்றி அலசுங்கள். தினம் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றுவதுதான் அந்த உப்பைச் சேர்க்கிறது. முருங்கை பனியில் கருகினாலும் அடி உயிரோடு இருக்கும். மார்ச் வரை வெட்டாமல், தண்ணீரைக் குறைத்து விட்டுவையுங்கள்.