எதிர்த்தரப்பு மறைத்த சர்வே அளவீடு: என்ன வழி?

மாவட்ட முன்சீப் கோர்ட்டில் நிரந்தர உறுத்துக்கட்டளை (தடையுத்தரவு) வழக்கு, நாங்கள் பிரதிவாதி. கிழக்கு வரப்பில் 62 மீட்டர் நீளம், 40 செ.மீ. அகலம்தான் தகராறு. அரை சென்ட் சொச்சம்!

2019இல் சர்வேயர் அளந்து கல் நட்டபோது வாதியும் கையெழுத்துப் போட்டார். பிராதில் (வழக்கு மனுவில்) அதைப் பற்றி ஒரு வரி இல்லை. இப்போது இரண்டு கல்லையும் காணோம்.

எதிருரையில் (எங்கள் பதில் மனுவில்) இதைச் சொல்லியாயிற்று. புலப்பட (நிலத்தின் அளவு வரைபடம்) நகல், அ-பதிவேடு (கிராம நிலப் பதிவேடு) தாக்கல் செய்தாயிற்று. அளவீட்டு அறிக்கைக்கு ஆர்.டி.ஐ. போட்டதில் 'கோப்பு இல்லை' என்று பதில். ஆவணத்தைக் காட்டச் சொல்லி சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 11 ரூல் 14இல் போட்ட மனுவுக்கு வாதி, 'என்னிடம் இல்லை' என்கிறார். முக்கிய ஆவணத்தை மறைப்பது கோர்ட்டையே ஏமாற்றுவது என்ற 1994 செங்கல்வராய நாயுடு வழக்கின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு கையில் இருக்கிறது. மறைத்ததை நிரூபிக்கத்தான் காகிதம் இல்லை. நிலத்தை நேரில் பார்த்து அளக்க கோர்ட் கமிஷனரை நியமிக்கக் கேட்ட ஆர்டர் 26 ரூல் 9 மனு நிலுவையில்.

கமிஷனர் அளக்கும் முன்பே அந்த சர்வேயரைச் சாட்சியாக அழைக்க முடியுமா, விசாரணை தொடங்கும்வரை காத்திருக்க வேண்டுமா?