கலைச்சொல்: பேஸ்பால் வானொலியின் ‘ரீ-கிரியேஷன்’, தமிழில் எப்படிச் சொல்வது?

அன்பு நண்பர்களே,

அமெரிக்க ஒலிபரப்பு வரலாற்றுக்கான சொற்பட்டியலில் ஒரு சொல் மட்டும் பிடிகொடுக்காமல் நிற்கிறது: ‘ரீ-கிரியேஷன்’. நடுவில் உள்ள கோட்டைக் கவனிக்காவிட்டால் பொழுதுபோக்கு என்று எழுதிவிடுவோம். பொருள் முற்றிலும் வேறு.

1930களிலும் 40களிலும் பல நிலையங்கள் உள்ளூர் ஆட்டங்களுக்கு மட்டுமே வருணனையாளரை மைதானத்துக்கு அனுப்பின. வெளியூர் ஆட்டம் என்றால் பயணச் செலவு, தொலைவழிக் கம்பி வாடகை இரண்டும் கட்டுப்படியாகாது. மாற்று ஏற்பாடு இப்படி இருந்தது: மைதானத்தில் உட்கார்ந்திருக்கும் தந்தி ஊழியர் ஒவ்வொரு பந்துக்கும் ஒரு குறியை மோர்ஸில் அடிப்பார். நிலையத்தில் இருப்பவர் அதைக் கேட்டுத் தட்டச்சு செய்து, ஸ்டுடியோவுக்குள் சீட்டாக நீட்டுவார். சீட்டில் ‘எஸ்1சி’ என்று இருந்தால், முதல் ஸ்டிரைக் (மூன்று சேர்ந்தால் மட்டைக்காரர் அவுட்), ஆட்டக்காரர் மட்டையை வீசவில்லை, அம்பயர் அறிவித்தார் என்று பொருள். ‘அவுட் 4-3’ என்றால் இரண்டாம் பேஸ்காரர் பந்தை எடுத்து முதல் பேஸுக்கு எறிந்து ஆளை வெளியேற்றினார். சீட்டில் இவ்வளவுதான் இருக்கும். பிட்சர் (பந்தை எறிபவர்) தொப்பியைச் சரிசெய்தது, பந்து தூசியைக் கிளப்பியது, கூட்டம் எழுந்து நின்றது எல்லாம் வருணனையாளர் சேர்ப்பவை. மரக்கட்டையைக் குச்சியால் தட்டினால் மட்டையின் ஓசை. கூட்டத்தின் இரைச்சலுக்கு இசைத்தட்டு.

என் பரிந்துரை: மீளுருவாக்க ஒலிபரப்பு. கருத்துச் சொல்லுங்கள்.

இரா.

—

> மீளுருவாக்க ஒலிபரப்பு

இரா. ஐயா, ‘மீள்’ என்றதும் முடிந்துபோன ஒன்றைப் பிறகு எடுத்துக் கட்டுவது போல இருக்கிறது. இங்கே ஆட்டம் இன்னும் நடந்துகொண்டிருக்கிறது, வருணனை சில நிமிடங்களே பின்தங்குகிறது. சிதைந்த கோயிலுக்கும் பழைய சுவடிக்கும் பொருந்தும் சொல் இது.

கேட்பவர்கள் நேரலை என்றே நம்பினார்கள். ஆகவே ‘போலி நேரலை’ என்று வெளிப்படையாகச் சொல்லிவிடலாமே?

மா.

—

மா. அம்மா, ‘போலி’யை நான் ஏற்கமாட்டேன். புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியின் வருணனையாளர் ரெட் பார்பர் இந்த வேலையைச் செய்தபோது தந்திக் கருவியின் டக்டக் ஓசை கேட்பவர் காதில் விழும்படி விட்டார். இரைச்சல் தட்டு போடவில்லை. தாம் மைதானத்தில் இல்லை என்பதை மறைக்கவும் இல்லை. அவர் செய்ததும் ரீ-கிரியேஷன்தான். ஏமாற்றுவதைச் சொல்லுக்குள் வைத்துவிட்டால் பார்பர் வெளியே போய்விடுவார்.

எதிர்முனையில் லிபர்ட்டி வானொலி வலையமைப்பின் கோர்டன் மெக்லெண்டன். 1940களின் இறுதியில் டெக்சாஸிலிருந்து நூற்றுக்கணக்கான நிலையங்களுக்கு ஆட்டங்களைக் கொடுத்தவர். மைதான ஒலிபெருக்கி எதிரொலிப்பது போல் கேட்க, அறிவிப்பாளராக நடிப்பவரைக் கழிவறைக்குள் நிற்கவைத்துப் பேசச் சொன்னார் என்பார்கள். (ஓடு பதித்த சுவர் தரும் எதிரொலி அந்தக் காலத்தில் எந்தக் கருவியிலும் மலிவாகக் கிடைத்திருக்காது.) பார்பர், மெக்லெண்டன் இருவரும் ஒரே சொல்லுக்குள் அடங்கவேண்டும்.

‘தந்திவழி வருணனை’ என்றால் என்ன?

கு.

—

தந்தி என்று கட்டிப்போட்டால் முதல் எடுத்துக்காட்டிலேயே உடையும். 1921 உலகத் தொடரின்போது (பேஸ்பாலின் ஆண்டு இறுதிப்போட்டி) நியூயார்க்கின் போலோ கிரவுண்ட்ஸிலிருந்து ஒரு செய்தியாளர் தொலைபேசியில் சொல்லச் சொல்ல, நியூவார்க்கின் டபிள்யூஜேஇசட் நிலையத்தில் டாமி கோவன் அதை ஒலிவாங்கியில் திருப்பிச் சொன்னார். அங்கே தந்தியே இல்லை. 1955இல் நியூயார்க் நீதிமன்றம் ஏறிய ஃபாஸ் வழக்கில் இன்னொரு வகை: ஃபாஸ் என்பவர் ஜயண்ட்ஸ் அணி ஆட்டங்களின் ஒலிபரப்பைக் கேட்டு, டெலிடைப்பில் (தொலைத்தட்டச்சுக் கருவியில்) பிற நிலையங்களுக்கு விவரம் அனுப்பினார், அவை அதை வைத்து வருணனை செய்தன. தீர்ப்பு அணிக்குச் சாதகமாக வந்தது.

எல்லாவற்றுக்கும் பொதுவானது ஒன்றுதான். பேசுபவர் ஆட்டத்தைப் பார்க்கவில்லை. ஆகவே ‘காணா வருணனை’. ஓடாக் குதிரை போல ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம். அடுத்து வகரம் வருவதால் ஒற்று மிகுமா என்ற தொல்லையும் இல்லை.

மா.

—

இலக்கணம் சரி, பொருள் இரண்டாகப் பிளக்கிறது. காணாதவர் யார்? வானொலியில் கேட்பவரும்தான் காண்பதில்லை. ‘காணா வருணனை’ என்று மொட்டையாகப் படிப்பவர் எல்லா வானொலி வருணனையையும் நினைத்துக்கொள்வார்.

எல்லைகளையும் பார்க்கவேண்டும். 1938இல் பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணி கேக்யூவி நிலையத்தின்மேல் தொடுத்த வழக்கில், நிலையத்தின் ஆட்கள் அணியின் மைதானமான ஃபோர்ப்ஸ் ஃபீல்டுக்கு வெளியே ஓர் இடத்தை வாடகைக்குப் பிடித்து, வேலிக்கு மேலாக ஆட்டத்தைப் பார்த்துத் தகவல் தந்தார்கள். நீதிமன்றம் தடை விதித்தது. அங்கே சிக்கல் அனுமதியின்மை. அது வேறு சொல்லுக்கு உரியது.

அடுத்தது 2020. பெருந்தொற்றால் வருணனையாளர்கள் வெளியூருக்குப் போகவில்லை. சொந்த மைதானத்திலோ ஸ்டுடியோவிலோ திரையைப் பார்த்துப் பேசினார்கள். காலி மைதானத்தில் ஒலிக்கவிட, வீடியோ கேமுக்காகச் சேர்த்துவைத்திருந்த கூட்ட இரைச்சலைப் பயன்படுத்தினார்கள். இரைச்சல் செயற்கை என்பதால் சிலர் இதையும் ரீ-கிரியேஷன் என்று எழுதிவிடுகிறார்கள். அது தவறு. படம் கண்முன் இருக்கிறது, இட்டுக்கட்ட வேண்டியதில்லை. அங்கே வரும் பிழைகள் வேறு: கேமரா காட்டாத மூலையில் ஓடும் ஆளைத் தவறவிடுவது, உயரப்போகும் பந்தின் தொலைவைத் தப்பாகக் கணிப்பது.

கு.

—

கு. சொன்ன பிழைகளைப் பிடித்துக்கொண்டே போகலாம் என்று தோன்றுகிறது. ரீ-கிரியேஷனில் எது கெடும்? கம்பி அறுந்துபோகும். ரொனால்ட் ரேகன், பிற்பாடு அதிபரானவர், 1930களில் அயோவாவின் டெ மொய்ன் நகரில் டபிள்யூஹெச்ஓ நிலையத்திலிருந்து, ஏறத்தாழ 500 கி.மீ. தள்ளி நடந்த சிகாகோ கப்ஸ் ஆட்டங்களை இப்படித்தான் வருணித்தார். ஒருமுறை கம்பி செத்துப்போக, மட்டைக்காரரை ஃபவுல்மேல் ஃபவுலாக (கோட்டுக்கு வெளியே போகும் அடி) அடிக்கவைத்து ஆறு நிமிடத்துக்கு மேல் ஓட்டினார். அவரே பலமுறை சொன்ன கதை. ஏன் ஃபவுல்? இரண்டு ஸ்டிரைக்குக்குப் பிறகு அடிக்கும் ஃபவுல் கணக்கை மாற்றாது. ஸ்கோரில் தடயம் விடாது. எத்தனை வேண்டுமானாலும் சேர்க்கலாம். ரன்னோ அவுட்டோ சொல்லிவிட்டால் மறுநாள் செய்தித்தாள் காட்டிக்கொடுத்துவிடும். கம்பி திரும்பியபோது வந்த சீட்டில், அந்த ஆள் முதல் பந்திலேயே கேட்ச் கொடுத்து வெளியேறியிருந்தார்!

ஆக, இந்தக் கலையின் உயிர் குறிப்பில் இருக்கிறது. குறிப்பு நின்றால் வருணனை தவிக்கிறது. ‘குறிப்புவழி வருணனை’ என்றால் தந்தி, தொலைபேசி, டெலிடைப் மூன்றும் அடங்கும். பார்பரும் மெக்லெண்டனும் அடங்குவார்கள். 2020க்கு ‘திரைவழி வருணனை’ என்று இணை வைக்கலாம். மைதானத்தில் இருந்து சொல்வதற்கு வானொலி நமக்குத் தந்த ‘நேர்முக வருணனை’ இருக்கவே இருக்கிறது. மூன்றும் ஒரே அச்சில் வார்த்தவை. குறளின் குறிப்பறிதலும் காதில் ஒலிக்கிறது: சொல்லாமலே குறிப்பிலிருந்து உள்ளத்தை உணர்வது.

இரா.

—

‘போலி’யைத் திரும்பப் பெறுகிறேன். ஆனால் மைதானத்தில் இருப்பவர் கையிலும் குறிப்பு உண்டே, வீரர்களின் புள்ளிவிவரம்?

மா.

—

அது கைக்குறிப்பு, வருணனைக்குத் துணை, வழி அல்ல. ‘வழி’ என்ற ஒட்டு அந்த வேறுபாட்டைத் தாங்கும் என்று நினைக்கிறேன். இன்னொரு வசதி, 1938இல் இங்கிலாந்தில் நடந்த டெஸ்ட் ஆட்டங்களை ஆஸ்திரேலிய வானொலி கேபிள் தகவல்களைக் கொண்டு வருணித்ததே, அங்கே ‘சிந்தெடிக்’ (செயற்கை) என்றார்கள், அதற்கும் இதே சொல் செல்லும்.

பட்டியலுக்கு வரைவு:

குறிப்புவழி வருணனை (பெ.): ஆட்டத்தை நேரிலோ திரையிலோ காணாமல், மைதானத்திலிருந்து உடனுக்குடன் வரும் சுருக்கக் குறிகளைக் கொண்டு, நடப்பதுபோல் விரித்துச் சொல்லும் வானொலி வருணனை. செயற்கை ஒலி சேர்க்கப்படலாம், கட்டாயமில்லை. எ-கா: ஜயண்ட்ஸ் அணி சான் பிரான்சிஸ்கோவுக்குக் குடிபெயர்ந்த பின், 1958இல் நியூயார்க்கின் வின்ஸ் நிலையத்தில் லெஸ் கெய்ட்டர் அதன் ஆட்டங்களைக் குறிப்புவழி வருணித்தார்.

மரக்கட்டை தட்டுபவருக்கு ‘ஒலிச்சேர்ப்பாளர்’ போதுமா?

கு.

—

போதும். ஆனால் கெய்ட்டரே தட்டிக்கொண்டார், ஆள் வைக்கவில்லை. எடுத்துக்காட்டை ‘ஒலிச்சேர்ப்பாளர்’ பதிவின்கீழ் போட்டுவிடாதீர்கள்.

இரா.