கிரிக்டர் கதையைக் குழந்தைக்குத் தமிழில் வாசிப்பது பற்றி

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். டோமி உங்கெரர் எழுதி வரைந்த 'கிரிக்டர்' என்னும் படக்கதையை ஐந்து வயது மகளுக்கு மூன்று வாரங்களாக ஒவ்வோர் இரவும் வாசித்துக் காட்டி வருகிறேன். எங்களிடம் இருப்பது ஆங்கிலப் பதிப்பு என்பதால், படங்களைக் காட்டியபடியே வரிக்கு வரி தமிழில் சொல்லிக்கொண்டு போவது வழக்கம்.

கதையை அறியாதவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்கிறேன். பிரான்சின் ஒரு சிற்றூரில் லூயிஸ் போடோ என்ற முதிய ஆசிரியை வசிக்கிறார். ஆப்பிரிக்காவில் ஊர்வனவற்றை ஆராய்ந்துகொண்டிருக்கும் அவருடைய மகன், பிறந்தநாள் பரிசாக வட்டவடிவப் பெட்டி ஒன்றை அஞ்சலில் அனுப்புகிறான். திறந்து பார்த்தால் உள்ளே ஒரு பாம்பு. முதலில் அலறிவிடும் அந்த அம்மையார், பிறகு அதற்குப் புட்டியில் பால் கொடுத்து, பெயர் சூட்டி, குளிருக்கு நீளமான கம்பளிச் சட்டை பின்னிப் போட்டு, தாம் பாடம் நடத்தும் பள்ளிக்கும் அழைத்துச் செல்கிறார். ஓர் இரவு வீட்டுக்குள் புகுந்து அவரைக் கட்டிப்போட்ட திருடனைக் கிரிக்டர் சுற்றி வளைத்துக் காவலர்கள் வரும்வரை விடாமல் பிடித்து வைத்திருக்கிறது. ஊரார் பதக்கம் கொடுக்கிறார்கள், சிலை வைக்கிறார்கள், ஒரு பூங்காவுக்கே அதன் பெயரைச் சூட்டுகிறார்கள்.

எனக்கு இரண்டு ஐயங்கள் உள்ளன. சென்ற வாரம் தோட்டத்தில் தண்ணீர் பாய்ச்சும் பச்சைக் குழாய் சுருண்டு கிடந்ததைத் தூரத்திலிருந்து பார்த்த என் மகள், "கிரிக்டர்!" என்று கூவிக்கொண்டு இரு கைகளையும் நீட்டியபடி ஓடினாள். அது குழாய்தான் என்று தெரிந்தும் எனக்கு உயிரே போய் வந்தது. அந்தக் கதை அவளுக்கு அத்தனை உயிராக இருக்கும்போது, அதைச் சில ஆண்டுகள் எடுத்து வைத்துவிடுவது நல்லதா?

இரண்டாவது, மொழி பற்றியது. கிரிக்டரை 'அவன்' என்று சொல்வதா, 'அது' என்று சொல்வதா? மேலும், பள்ளியில் கிரிக்டர் தன் உடலை வளைத்து ஆங்கில எழுத்துகளைப் போட்டுக் காட்டும் பக்கத்துக்கு வந்ததும் என் தமிழ் தடுமாறி நின்றுவிடுகிறது. அனுபவமுள்ளவர்கள் வழி சொன்னால் நன்றியுடையவளாக இருப்பேன்.

முதல் மறுமொழி

புத்தகத்தைத் தயவுசெய்து எடுத்து வைத்துவிடாதீர்கள். உங்கள் அச்சத்துக்கான விடை அதே புத்தகத்தின் முதற்பக்கங்களில் இருக்கிறது. பெட்டியைத் திறந்து அலறிய போடோ அம்மையார் அடுத்து என்ன செய்கிறார் என்று பாருங்கள். அவர் பாம்பைக் கொஞ்சவில்லை. அது நச்சுப்பாம்புதானா என்று உறுதிசெய்துகொள்வதற்காக நேரே விலங்குக் காட்சிசாலைக்குப் போகிறார். அங்கே அது நஞ்சில்லாத போவா கன்ஸ்ட்ரிக்டர் என்று அறிந்துகொண்ட பிறகுதான், அந்தப் பெயரின் பின்பகுதியை ஒட்டிக் 'கிரிக்டர்' என்று பெயர் வைக்கிறார். பால் புட்டியெல்லாம் அதற்கு அடுத்தபடியாகவே வருகிறது. பெரும்பாலோர் இந்தப் பக்கத்தை ஒரே மூச்சில் கடந்துவிடுகிறோம். நீங்கள் இங்கே நின்று, "ஏன் முதலில் அங்கே போனார்கள்?" என்று மகளைக் கேளுங்கள். அறிந்துகொண்டு நெருங்குவது வேறு, அறியாமல் நெருங்குவது வேறு என்பதை அவளே சொல்வாள்.

இந்தக் கதை 1958இல் நியூயார்க்கில் ஹார்ப்பர் நிறுவனத்தின் வெளியீடாக வந்தது. உங்கெரர் 1931இல் பிரான்சின் அல்சாஸ் பகுதியில் உள்ள ஸ்ட்ராஸ்பூர்க் நகரில் பிறந்தவர். சிறு வயதிலேயே தந்தையை இழந்தவர். 1940இல் நாஜிப் படைகள் அல்சாஸ் பகுதியைக் கைப்பற்றியபோது பள்ளி மாணவராக இருந்தவர். நேற்றுவரை பேசிய பிரெஞ்சு மொழி ஒரே நாளில் பள்ளியில் தடைசெய்யப்பட்டு, 'யாரை வெறுக்க வேண்டும்' என்பதே பாடமாகச் சொல்லித்தரப்பட்ட காலம் அது. 1956இல் அமெரிக்கா சென்ற அவர், பாம்பு, எட்டுக்கை கொண்ட ஆக்டோபஸ், வௌவால், பிணந்தின்னிக் கழுகு என்று, மனிதர்கள் பார்த்த மாத்திரத்தில் அருவருக்கும் உயிர்களையே தேடித் தேடித் தம் கதைகளின் நாயகர்களாக ஆக்கினார். வெறுப்பைப் பாடமாகப் படிக்க நேர்ந்த ஒருவர் இந்த வேலையைத் தேர்ந்துகொண்டதை நான் தற்செயலாகக் கருதவில்லை. 1998இல், சிறுவர் நூல்களுக்கு ஓவியம் வரைபவர்களுக்கான பன்னாட்டு விருதான ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சன் விருது அவருக்குக் கிடைத்தது. 2019இல் மறைந்தார்.

நம் மொழியில் 'பாம்புக்குப் பால் வார்த்ததுபோல' என்றால் நன்றிகெட்டவருக்குச் செய்த உதவி என்று பொருள். இந்தக் கதையில் பால் வார்த்தவருக்குப் பாம்பு உயிரையே காத்துக் கொடுக்கிறது. அந்தப் பழமொழியைக் கேட்டு வளர்ந்த நமக்கு இந்தக் கதை ஒரு படி கூடுதலாகவே சுவைக்கிறது என்று நினைக்கிறேன்.

இரண்டாம் மறுமொழி

பாம்புகளைப் பற்றி நெடுங்காலமாகப் படித்தும் கவனித்தும் வருபவன் என்ற முறையில் சிலவற்றைச் சேர்க்க விரும்புகிறேன்.

போவா கன்ஸ்ட்ரிக்டர் நஞ்சற்றது என்பது உண்மை. ஆனால் அதன் தாயகம் ஆப்பிரிக்கா அன்று. நடு அமெரிக்காவும் தென் அமெரிக்காவும்தான். ஆப்பிரிக்காவிலிருந்து மகன் அதை எப்படி அனுப்பினான் என்பது கதைக்குள் விடை இல்லாத கேள்வி. எந்தப் பாம்புக்கும் பால் உணவாகாது. போவா எலி, பறவை, பல்லி போன்றவற்றைப் பிடித்து, உடலால் சுற்றி இறுக்கிக் கொன்று விழுங்கும். மூச்சுத் திணறித்தான் இரை சாகிறது என்று நீண்டகாலம் நம்பப்பட்டது. 2015இல் வெளியான ஆய்வு ஒன்று, அந்த இறுக்கத்தில் சில நொடிகளிலேயே இரையின் இரத்த ஓட்டம் தடைபட்டுவிடுவதே சாவுக்குக் காரணம் என்று காட்டியது.

கம்பளிச் சட்டையைப் பற்றியும் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் எனக்கு அந்தப் புத்தகத்தில் மிகவும் பிடித்த படம் அதுதான். கம்பளி தானாகச் சூடு தருவதில்லை. நம் உடல் உண்டாக்கும் சூட்டை வெளியே விடாமல் தாங்கி வைக்கிறது, அவ்வளவுதான். பாம்பு வெயிலிலும் சுடுபாறையிலும் கிடந்து வெளியிலிருந்து வெப்பத்தைப் பெறும் உயிர் என்பதால், எவ்வளவு நீளமாகப் பின்னினாலும் அந்தச் சட்டையால் அதற்குப் பயன் இல்லை. இதை எட்டு வயதுச் சிறுவன் ஒருவனிடம் சொன்னபோது அவன் நெடுநேரம் யோசித்துவிட்டு, "அப்படியென்றால் சட்டையை அடுப்பருகே வைத்துச் சூடாக்கிப் போட்டுவிட்டால்?" என்று கேட்டான். அந்தக் கேள்வி பிறப்பதற்காகவே இந்தப் படத்தைக் காட்டலாம்.

ஆனால் படுக்கையில் கதை வாசிக்கும்போது ஒருபோதும் இப்படித் திருத்தாதீர்கள். கதையைக் கதையாக முழுமையாகச் சொல்லி முடியுங்கள். உண்மைப் பாம்பைப் பற்றி, பகலில், வேறொரு வேளையில், உண்மையான ஒளிப்படங்களைக் காட்டிப் பேசுங்கள். எந்தப் பாம்பைக் கண்டாலும் அசையாமல் நின்று, மெதுவாகப் பின்வாங்கி, பெரியவர்களை அழைக்க வேண்டும் என்பதை விளையாட்டாகவே நடித்துப் பழக்குங்கள். அதே தோட்டக் குழாயைச் சுருட்டிப் போட்டே பழக்கலாம். கைநீட்டி ஓடிய அதே கால்கள் பின்வாங்கவும் பழக வேண்டும். சொல்லால் மட்டும் அது வராது.

மூன்றாம் மறுமொழி

மொழி பற்றிய ஐயத்துக்கு நான் விடை சொல்ல முயல்கிறேன். பிள்ளைகளுக்கான கதைகளைத் தமிழில் தருவதில் சில ஆண்டுகள் கழித்திருக்கிறேன்.

'அது' என்றே சொல்லுங்கள். ஆங்கிலத்தில் விலங்கை ஆண்பாலாகச் சுட்டுவது அன்பின் அடையாளம். தமிழில் அன்பு காட்டுவதற்கு அஃறிணையைக் கைவிட வேண்டியதில்லை. "கிரிக்டர் வாலை ஆட்டியது" என்பதில் கனிவு எங்கே குறைகிறது? நம் கதைகளில் காகமும் நரியும் எத்தனையோ பேசியும் 'அது'வாகவே இருந்திருக்கின்றன. இதற்கும் மேலாக, இந்தக் கதை முழுவதிலும் கிரிக்டர் ஒரு சொல்கூடப் பேசுவதில்லை என்பதைக் கவனித்தீர்களா? நாய்போல வாலாட்டும், பனியில் நெளிந்து விளையாடும், சாரணச் சிறுவர்களுக்கு முடிச்சுப் போடக் கற்றுக்கொடுக்கும். ஆனாலும் கடைசிவரை பாம்பாகவே இருக்கும். 'அவன்' என்றதும் அது பாம்பு வேடமிட்ட சிறுவனாகிவிடும். உங்கள் முதல் ஐயத்துக்கும் இது ஓரளவு உதவும்.

எழுத்துப் பக்கத்தில், ஆங்கில 'எஸ்'ஸைக் காட்டிப் 'பாம்பு' என்றும், 'இ'யைக் காட்டி 'யானை' என்றும் சொல்வது குழந்தையைக் குழப்பும். அந்தப் பக்கம் வந்ததும், "இது அந்த ஊர்ப் பள்ளி, அங்கே வேறு எழுத்து" என்று உள்ளதை உள்ளபடி சொல்லிவிட்டு, "நம் எழுத்தை எழுதச் சொன்னால் கிரிக்டர் எப்படி வளையும்?" என்று கேட்டு, ஒரு கயிற்றைக் கையில் கொடுத்துவிடுங்கள். ட, ப இரண்டும் எளியவை; இரண்டொரு மடிப்பில் முடிந்துவிடும். ல, வ இரண்டுக்கும் ஒரு சுழி வேண்டும். ண எழுத நீளமான பாம்பு தேவை. க எழுதப் பாம்பு தன் மேலேயே ஏறிக் கடக்க வேண்டியிருக்கும். எண்களின் பக்கத்தில் இந்தச் சிக்கலே இல்லை. எட்டைக் காட்டி ஆக்டோபஸின் கைகளை எண்ணுவது எந்த மொழியிலும் அப்படியே நிற்கும்.

கேள்வி கேட்டவர்

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. காட்சிசாலைப் பக்கத்தில் நின்று கேட்டபோது, "கடிக்குமா என்று கேட்டுவிட்டு வரத்தான்" என்று மகள் உடனே சொன்னாள். தோட்டக் குழாயை வைத்து மூன்று மாலைகள் பின்வாங்கப் பழகினோம். இப்போது குழாயைக் கண்டாலே நின்று, என்னை உரக்க அழைக்கிறாள்.

கிரிக்டர் 'அது' ஆகிவிட்டது. அவள் எந்த மாற்றத்தையும் உணர்ந்ததாகத் தெரியவில்லை. நேற்று தாண்டுகயிற்றைக் கொடுத்து எழுத்துப் போடச் சொன்னேன். 'ட' போட்டாள், 'ப' போட்டாள். பிறகு 'பாம்பு' என்றே எழுத வேண்டும் என்று பிடிவாதமாக உட்கார்ந்தாள். 'ப' முடிந்ததும் கயிறு தீர்ந்துவிட்டது. துணைக்காலுக்கு என் காலணியின் கயிற்றை உருவிக்கொண்டாள், 'ம'வுக்கு அவள் அண்ணனின் இடுப்புவார், 'பு'வுக்குத் துணி உலர்த்தும் கொடியில் ஒரு துண்டு, மெய்யெழுத்தின் புள்ளிக்கு ஒரு சட்டைப் பொத்தான். எல்லாவற்றையும் தரையில் பரப்பி வைத்துவிட்டு எண்ணிப் பார்த்தவள், "பாம்பு என்று எழுத நான்கு பாம்புகள் வேண்டும் அம்மா, கிரிக்டர் மட்டும் போதாது" என்றாள். இன்று இரவு மற்ற மூன்றுக்கும் பெயர் வைக்க வேண்டுமாம்.