மறு: முன்கை ஊன்றும் ஆசனங்கள் – 'அலைன்மென்ட்'டுக்கு என்ன சொல்?

வணக்கம். யோகாசனக் குறிப்புகளில் 'அலைன்மென்ட்' (alignment) என்பதற்குத் தமிழில் என்ன சொல் வைக்கலாம் என்ற கேள்விக்கும், அதற்கு வந்த சீரமைப்பு, நேரமைவு, நேர்நிலை, அடுக்கு என்ற பரிந்துரைகளுக்கும் என் பதில் இது.

> சீரமைப்பு என்றே வைத்துக்கொள்ளலாமே, எல்லாருக்கும் தெரிந்த சொல்.

தெரிந்த சொல் என்பதுதான் ஐயா சிக்கல். சாலைச் சீரமைப்பு, குளம் சீரமைப்பு என்று கேட்டுப் பழகிய காதுக்கு அது கெட்டுப்போனதைச் சரிசெய்வது. நாம் சொல்வதோ, எடை ஏறுவதற்கு முன்பே மூட்டுகளை உரிய இடத்தில் வைப்பது. 'நேரமைவு' நல்ல ஆக்கம், ஆனால் வாசிப்பவர் அதில் மணி நேரத்தைத்தான் முதலில் பார்ப்பார். 'நேர்நிலை'யை நேர்மறைச் சிந்தனைக்காரர்கள் எடுத்துக்கொண்டுவிட்டார்கள்.

வகுப்பில் நடப்பதிலிருந்து தொடங்கலாம். முன்கைகளை ஊன்றித் தலைகீழாக நிற்கும் பிஞ்ச மயூராசனத்தில் தலை தரையில் படாது. முழு எடையும் முன்கைகள் வழியாகத்தான் தரைக்கு இறங்கும். கால் தூக்கும் நொடியில் பலருக்கு முழங்கைகள் வெளியே விலகும், உள்ளங்கைகள் ஒன்றையொன்று நோக்கி நகரும். தோள் இறுக்கமானவர்களுக்கு மேற்கை உட்புறம் சுழன்றுவிடுவதால் வருவது இது. அப்புறம் மார்பு தரையை நோக்கிச் சரியும், விலா துருத்தும், கீழ்முதுகு வளைந்து ஈடுகட்டப் பார்க்கும். இதைத் தடுக்கத்தான் முழங்கைக்குச் சற்று மேலே தோள் அகலத்துக்கு ஒரு பெல்ட், உள்ளங்கைகளுக்கு நடுவே ஒரு பிளாக் (யோகாவுக்கான கட்டை). பெல்ட்டை வெளிப்பக்கம் தள்ளிக்கொண்டு நிற்பவரைப் பார்த்தாலே தெரியும், அவர் இன்னும் கால் தூக்கக் கூடாது. அதற்கு முந்தைய நிலையான டால்ஃபினிலேயே, அதாவது முன்கைகளை ஊன்றி இடுப்பை உயர்த்தி, கால்கள் தரையில் இருக்கும்போதே, முழங்கை வழுக்கினால் அன்றைக்கு அதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

இந்த இடத்தில் ஆசிரியர் வாயில் வர வேண்டியது பெயர்ச்சொல் அல்ல, ஏவல். 'முழங்கையைத் தோளுக்கு நேர் கீழே வை.' அதனால்தான் என் முன்மொழிவு நேர்வைப்பு. 'நேர்வைப்பு கலையுது பாருங்க' என்று வகுப்பில் சொல்லவும் வரும். வைப்பு என்றதும் வங்கி நினைவுக்கு வரும் என்பது உண்மைதான். முன்னால் 'நேர்' இருப்பதால் வட்டி கேட்க மாட்டார்கள் என்று நம்புகிறேன்.

> 'அடுக்கு' போதாதா? முழங்கை மேல் தோள், தோள் மேல் இடுப்பு, இடுப்பு மேல் கணுக்கால்.

தலைகீழ் ஆசனங்களுக்குப் போதும், அழகாகவும் இருக்கிறது. கால்களை அகட்டி நின்று பக்கவாட்டில் சாயும் திரிகோணாசனத்தில் எதன் மேல் எதை அடுக்குவது? எனவே நேர்வைப்பின் ஒரு வகையாக 'அடுக்கு' இருக்கட்டும்.

இன்னும் இரண்டு சொற்களில் கவனம் தேவை. ஒன்று, 'முழங்கையை ஊன்று'. அப்படிச் சொன்னால் மூட்டு முனையில் எடை போடுகிறார்கள். முன்கை என்றாலும் சிலருக்கு வளையல் போடும் இடம்தான் நினைவில் வருகிறது. ஆகவே முதல் முறை 'முழங்கை முதல் மணிக்கட்டு வரை முன்கை முழுவதும்' என்று விரித்தே எழுத வேண்டும்.

மற்றொன்று, 'தோளைக் கீழே இறக்கு'. தலைகீழாக நிற்பவருக்கு எது கீழே, இடுப்பா தரையா? எதுவானாலும் இங்கே தவறான ஏவல்தான். கை தலைக்கு மேல் போகும்போது தோள்பட்டை எலும்பு மேல்நோக்கிச் சுழன்றாக வேண்டும். அதை இடுப்புப் பக்கம் இழுத்துப் பிடித்தால் உடல் முன்கைகளுக்கு நடுவே தொங்கிவிடும். 'முன்கையால் தரையைத் தள்ளு, தலைக்கும் தரைக்கும் இடைவெளியைக் கூட்டு' என்பது எப்படி நின்றாலும் குழப்பாது. நம் குறிப்புகளில் மேலே, கீழே இரண்டையும் எடுத்துவிட்டுத் தரைப்பக்கம், பாதப்பக்கம் என்று போடலாம்.

கட்டுக்குள் வராத இரத்த அழுத்தம், கண் அழுத்த நோய் உள்ளவர்களுக்கு இந்த ஆசனம் வேண்டாம் என்ற வரி பதிவின் தலைப்பிலேயே இருக்கட்டும், அடிக்குறிப்பில் அல்ல.

தோள்பட்டை விஷயத்தில் மருத்துவ நண்பர்கள் உதவ வேண்டும். பேச்சில் அது தோள் முழுவதையும் குறிக்கிறது, உடற்கூற்றியலில் பின்னால் இருக்கும் அந்தத் தட்டை எலும்பை. 'தோள்பட்டை எலும்பு' என்று ஒவ்வொரு முறையும் எழுத நீளம். சுருக்கமாக ஏதாவது இருக்கிறதா?