ரீவேல்யூவேஷனுக்குப் பணம் கட்டி நாலு மாதம், முடிவு வரவில்லை. கோர்ட்டுக்குப் போகலாமா?

முதுநகர் மாணவி:
கடலூர் முதுநகரிலிருந்து எழுதுகிறேன். பி.எஸ்சி. கடைசி செமஸ்டரில் ஒரே ஒரு தாள், மூன்று மதிப்பெண்ணில் போய்விட்டது. நன்றாக எழுதிய தாள் என்பதால் உடனே ரீவேல்யூவேஷனுக்குப் பணம் கட்டினேன். நாலு மாதம் ஆகிறது. கல்லூரியில் கேட்டால் பல்கலைக்கழகத்தைக் கேள் என்கிறார்கள், அங்கே போன் செய்தால் 'ப்ராசஸில் இருக்கிறது' என்பதோடு சரி. அடுத்த மாதம் புதுச்சேரியில் எம்.எஸ்சி. சேர்க்கை. அப்பாவுக்குத் துறைமுகத்தில் கூலி வேலை, ஒரு வருடம் வீணானால் மறுபடி படிக்க அனுப்புவாரா என்று பயமாக இருக்கிறது. நுகர்வோர் கோர்ட்டுக்குப் போ என்கிறாள் தோழி. போகலாமா?

புதுவை வக்கீல்:
வேண்டாம் தங்கச்சி. தேர்வு நடத்துவது நுகர்வோர் சட்டத்தில் வரும் சேவை ஆகாது என்று பீகார் தேர்வு வாரிய வழக்கில் உச்ச நீதிமன்றம் 2009லேயே சொல்லிவிட்டது, அங்கே போனால் நாள்தான் வீணாகும். முதலில் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு ஒரு மனு எழுதுங்கள். பதிவெண், தாள் குறியீடு, பணம் கட்டிய தேதி எல்லாம் இருக்கட்டும், சேர்க்கையின் கடைசி நாளைக் கட்டாயம் குறிப்பிடுங்கள், அவசரம் புரிவது அதில்தான். ஸ்பீட் போஸ்ட்டில் அனுப்பி ரசீதைப் பத்திரமாக வையுங்கள், போனில் கேட்டதற்கெல்லாம் சாட்சி கிடையாது. ஒரு வாரம் பாருங்கள். பதில் இல்லையென்றால் அரசியல் சட்டம் 226வது பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட், அதாவது பல்கலைக்கழகம் தன் கடமையைச் செய்ய உத்தரவிடக் கேட்கும் மனு போட்டு, இத்தனை நாளுக்குள் முடிவை வெளியிட வேண்டும் என்று உத்தரவு கேட்கலாம். மதிப்பெண்ணைக் கூட்டிப் போடச் சொல்லிக் கேட்காதீர்கள், அதில் நீதிமன்றம் லேசில் தலையிடாது.

மஞ்சக்குப்பம் அண்ணன்:
கூடவே தகவல் உரிமைச் சட்டத்தில் விடைத்தாள் நகலும் கேளும்மா, பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டினால் போதும். எழுதியவர் தன் விடைத்தாளைப் பார்க்கலாம் என்று 2011ல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பே இருக்கிறது. 30 நாளில் பதில் தர வேண்டும். என் தம்பிக்கு நகல் வந்தபோது ஒரு பக்கம் திருத்தாமலே விட்டிருந்தார்கள்! அதைக் காட்டித்தான் மதிப்பெண் வாங்கினோம்.

முதுநகர் மாணவி:
ரிட்டுக்கு நிறைய செலவாகுமே அண்ணா?

புதுவை வக்கீல்:
பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு, 1987ஆம் வருடச் சட்டம். கடலூர் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் போய்க் கேளுங்கள், உயர் நீதிமன்றத்துக்கு என்ன செய்ய வேண்டும் என்று வழிகாட்டுவார்கள். அப்புறம், சேரப்போகும் கல்லூரிக்கும் இன்றைக்கே ஒரு கடிதம் எழுதி, மறுமதிப்பீட்டு முடிவு வரும்வரை அவகாசம் கேளுங்கள். இதை நிறையப் பேர் மறந்துவிடுகிறார்கள்.

முதுநகர் மாணவி:
மனு, கல்லூரிக்குக் கடிதம் இரண்டையும் எழுதிவிட்டேன் அண்ணா. காலையில் தபால் ஆபீஸ் திறந்ததும் அனுப்பிவிட்டு ரசீதோடு வருகிறேன்.