8370ஆ 5200ஆ: கையெழுத்துப் போட்டால் எல்லாம் முடிந்ததா?

பாமணியாறு: நம் இணையக் குழுவின் குறுவை நெல் இழையில் வெண்ணாற்றங்கரை அய்யா போகிறபோக்கில் ஒரு முத்து உதிர்த்திருக்கிறார்: "2009க்கு அப்புறம் வந்த இடைநிலை ஆசிரியர்களுக்கு என்ன அநியாயம் நடந்துவிட்டது? 5200 என்று தெரிந்துதானே கையெழுத்துப் போட்டார்கள்." நெல் பேசுகிற இடத்தில் இது எதற்கு என்று தெரியவில்லை. சரி, தனியாகவே பேசுவோம். தமிழ்நாட்டு அரசுப் பள்ளிகளில் 31.5.2009 வரை சேர்ந்தவருக்கு அன்று அடிப்படை ஊதியம் மாதம் 8370 ரூபாய். மறுநாள் முதல் சேர்ந்தவருக்கு 5200. இருவரும் எடுப்பது அதே ஒன்றாம் வகுப்பு, அதே ஆனா ஆவன்னா. ஒரே நாளில் எது குறைந்துபோனது?

வெண்ணாற்றங்கரை: தலைமை ஆசிரியராக ஓய்வு பெற்றவன் சொல்கிறேன் தம்பி, கேட்டுக்கொள். 8370 என்பது தனித் தரம் இல்லை. ஆறாவது ஊதியக் குழுவுக்கு முந்தைய அடிப்படை ஊதியமான 4500ஐ 1.86ஆல் பெருக்கினால் வருகிற தொகை. ஊதியக் கட்டு, அதாவது அடிமட்டத்திலிருந்து உச்சம் வரையிலான வரம்பு, இரண்டு பேருக்குமே 5200–20200தான். அதற்கு மேல் சேர்கிற தர ஊதியமும் 2800தான். அப்புறம், 31.5.2009 ஞாயிற்றுக்கிழமை. அன்றைக்கு எந்தப் பள்ளியில் யார் போய்ச் சேர்ந்தார்? ஆணையில் 5200 என்று இருந்ததா? இருந்தது. கையெழுத்துப் போட்டார்களா? போட்டார்கள்.

அரசலாறு: ஞாயிறோ திங்களோ, மே மாதம் சேர்ந்தவருக்கும் அனுபவம் பூஜ்யம்தான் சார். அவருக்கு மட்டும் பழைய 4500 எங்கிருந்து வந்தது? நான் 2009க்கு அப்புறம் வந்தவள். பக்கத்து வகுப்பு டீச்சருக்கும் எனக்கும் அன்று இருந்த வித்தியாசம் 3170. ஏழாவது ஊதியக் குழுவில் 2.57ஆல் பெருக்கினார்களே, அதில் அந்த இடைவெளியும் சேர்ந்து பெருகி எட்டாயிரத்தைத் தாண்டிவிட்டது. அகவிலைப்படியும் அதன் மேல்தான் கணக்கு. பெருக்கல் வாய்ப்பாடு உங்களுக்குத் தெரியாததா?

வெண்ணாற்றங்கரை: வாய்ப்பாடு தெரியும் அம்மா. கையெழுத்துப் போட்டீர்களா இல்லையா, அதைச் சொல்லுங்கள்.

குடமுருட்டி: அய்யா திரும்பத் திரும்ப இதையே கேட்கிறார். இதற்கு உச்ச நீதிமன்றமே பதில் சொல்லியாகிவிட்டது. 1982இல் ரண்தீர் சிங் வழக்கு. டெல்லி போலீஸில் வண்டி ஓட்டியவர், மற்ற துறை ஓட்டுநர்களுக்குத் தருகிற ஊதியம் எனக்கும் வேண்டும் என்று போனார். அரசியலமைப்பின் 39(ஈ) பிரிவை 14, 16ஆம் பிரிவுகளுடன் சேர்த்துப் படித்து, சம வேலைக்குச் சம ஊதியம் என்றார்கள். 2016இல் ஜக்ஜித் சிங் வழக்கில் உங்கள் கையெழுத்துக்கே வந்தார்கள். குறைந்த கூலிக்கு ஒப்புக்கொள்கிறவன் மனமுவந்து ஒப்புக்கொள்வதில்லை, குடும்பத்துக்குச் சோறு போடத் தன்மானத்தை விட்டுத்தான் ஒப்புக்கொள்கிறான் என்கிறது தீர்ப்பு.

வெண்ணாற்றங்கரை: பாதித் தீர்ப்பைப் படித்துவிட்டு வக்கீல் வேஷம் போடாதீர்கள். ஜக்ஜித் சிங், பஞ்சாப் தற்காலிகப் பணியாளர் வழக்கு. நிரந்தரக்காரரின் ஊதியக் கட்டில் அடிமட்டத்தை அவர்களுக்கும் கொடு என்றார்கள். நம் ஊர் கட்டின் அடிமட்டம் எது? 5200! நீங்கள் கொண்டுவந்த தீர்ப்பே என் பக்கம்தான் பேசுகிறது. மேட்டூர் அணையை ஜூன் 12இல் திறப்பது பற்றிய சண்டையிலும் இவர் இப்படித்தான், பாதியைப் படித்துவிட்டு வந்தார்.

குடமுருட்டி: மேட்டூரை இழுக்காதீர்கள். அன்றைக்குப் பதில் சொல்லாமல் ஓடியது யார் என்று இங்கே எல்லாருக்கும் தெரியும்.

கொள்ளிடக்கரை: வாத்தியார்கள் சண்டைக்குள் நானும் வருகிறேன். நெல் கொள்முதல் நிலையத்தில் பருவகாலப் பட்டியல் எழுத்தர் நான். அறுவடை இருந்தால் வேலை, இல்லாவிட்டால் வீடு. ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டினால் விவசாயி என்னைத்தான் திட்டுவார், மழையில் மூட்டை நனைந்தால் மேலே இருப்பவர் என்னைத்தான் திட்டுவார். நிரந்தரக்காரர் எழுதும் அதே பட்டியலைத்தான் நானும் எழுதுகிறேன். 5200 கட்டு என்று சண்டை போடவாவது உங்களுக்கு ஒரு கட்டு இருக்கிறது.

வெண்ணாற்றங்கரை: 40 கிலோ மூட்டைக்கு மேல்வரும்படி எவ்வளவு என்று முதலில் சொல்லுங்கள், அப்புறம் சம ஊதியம் பேசலாம்.

கொள்ளிடக்கரை: நான் வாங்கியதைப் பார்த்தீர்களா? ஓய்வூதியம் எண்ணுகிற கைக்கு என்ன தெரியும்!

அரசலாறு: வெண்ணாற்றங்கரை சாருக்குப் பழைய ஓய்வூதியம். எங்களுக்கு அதுவும் இல்லை.

வெண்ணாற்றங்கரை: அதற்கும் கையெழுத்துப் போட்டீர்கள்.

பாமணியாறு: அய்யா, நீங்கள் வேலைக்கு வந்தபோது உங்கள் ஆணையில் என்ன தொகை இருந்ததோ அதோடு காலம் முழுக்க நின்றீர்களா? ஆசிரியர் சங்கங்களின் கூட்டமைப்பான ஜாக்டோவின் போராட்டத்தில் ஊர்வலம் போய் உயர்த்தி வாங்கவில்லையா?

வெண்ணாற்றங்கரை: நாங்கள் போனது சங்கத்தோடு. கோர்ட்டுக்குப் போகவில்லை.

குடமுருட்டி: ஆக, கையெழுத்துப் போட்டுவிட்டுத்தான் ஊர்வலம் போனீர்கள்.

வெண்ணாற்றங்கரை: அது வேறு, இது வேறு. மன்னார்குடிப் பக்கத்தவர்களுக்குச் சொன்னாலும் ஏறாது.

பாமணியாறு: ஊரைப் பற்றிப் பேச வேண்டாம். தஞ்சாவூர்க்காரர்கள் பெருமையை நானும் எழுத ஆரம்பித்தால் இழை தாங்காது.

கொள்ளிடக்கரை: என்னை லஞ்சக்காரன் என்றதற்கு இன்னும் யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

வெண்ணாற்றங்கரை: நான் யாரையும் அப்படிச் சொல்லவில்லை. எவ்வளவு என்றுதான் கேட்டேன்.